எண்ணூர் பர்மா நகரிலிருந்து மோரே வரை: எல்லைச் சட்டமும் எல்லையோரத்து மக்களும்

1. கேள்வி

2023 டிசம்பர் 26 நள்ளிரவையொட்டி எண்ணூர்க் கடலுக்குள் பதித்திருந்த அமோனியாக் குழாயில் கசிவு ஏற்பட்டது. பெரியகுப்பம், சின்னகுப்பம், பர்மா நகர் மக்கள் மூச்சுத் திணறலோடு வீட்டைவிட்டு ஓடினார்கள். ஐம்பதுக்கும் மேற்பட்டோர் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார்கள். அதே ஆண்டு மே 3 அன்று மணிப்பூரில் வெடித்த இனக் கலவரத்தில், மியான்மர் எல்லையில் இருக்கும் மோரே என்ற சிற்றூரிலும் வீடுகள் எரிந்தன. எரிந்தவற்றில் தமிழர்களின் வீடுகளும் இருந்தன. இரண்டு செய்திகளும் நாளிதழ்களில் வெவ்வேறு பக்கங்களில் வந்து மறைந்தன. அவற்றைச் சேர்த்துப் படிக்க வேண்டும் என்பதே இக்கட்டுரையின் தொடக்கப் புள்ளி. பர்மா நகருக்குப் பெயர் தந்தவர்களும் மோரேயில் தங்கிப்போன தமிழர்களும் 1960களில் அதே பர்மாவை விட்டு அதே வெளியேற்றத்தில் வந்தவர்கள். ஒரு பிரிவினர் சென்னையிலேயே நின்றுவிட்டார்கள். மற்றொரு பிரிவினர் பிறந்த ஊருக்கே திரும்பிவிடலாம் என்று நடந்து, எல்லையில் தடுக்கப்பட்டு, அங்கேயே ஓர் ஊரை வளர்த்தார்கள்.

அனுமதியின்றி எல்லையைக் கடப்பது, எல்லையோரத்தில் வாழ்பவர்களுக்கு என்ன செய்கிறது? அவர்கள் படும் துன்பத்தில் எவ்வளவு கடந்து வருபவர்களால் நேர்கிறது? எவ்வளவு, கடப்பதைத் தடுக்க அரசு செய்யும் ஏற்பாடுகளால் நேர்கிறது? இந்த இரண்டையும் பிரித்துப் பார்க்காமல் பேசுவதே பொது விவாதத்தின் பெருங்குறை. பிரித்துப் பார்ப்பதற்கு, பர்மியப் பக்கத்து ஊரான தமுவில் தொடங்கி மோரே, இம்பால் என்று செல்லும் சாலையைவிட நல்ல சான்று நமக்குக் கிடைக்காது. எண்பது ஆண்டுகளில் மூன்று பெரும் இடப்பெயர்வுகளை அந்தச் சாலை கண்டிருக்கிறது. ஒவ்வொரு முறையும் நடந்தவர்கள் வேறு, நடந்த திசை வேறு, அவர்களைச் சட்டம் நடத்திய விதமும் வேறு.

2. இருக்கும் விளக்கங்கள்

இப்பொருளில் மூன்று விளக்கங்கள் வழக்கில் உள்ளன. முதலாவது பாதுகாப்பு நோக்கு. எல்லை திறந்திருந்தால் ஆயுதமும் போதைப்பொருளும் வரும், மக்கள்தொகை விகிதம் மாறும், உள்ளூர்க்காரர் தம் நிலத்திலேயே சிறுபான்மையாவர் என்பது அதன் வாதம். வடகிழக்கு மாநிலங்களின் அரசியலில் இது வெறும் தில்லிக் குரல் அல்ல. அங்குள்ள மக்களில் பெரும்பகுதியினர் உண்மையாகவே அஞ்சும் விஷயம். இரண்டாவது மனிதாபிமான நோக்கு. உயிருக்கு அஞ்சி வருபவரைத் திருப்பி அனுப்பக் கூடாது என்ற நெறியிலிருந்து அது தொடங்குகிறது. மூன்றாவது, எல்லை ஆய்வாளர்கள் வளர்த்த பார்வை. வங்க எல்லையைப் பற்றி வில்லெம் வான் செண்டெல் 2005இல் வெளியிட்ட நூல் இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. அரசு குற்றம் என்று சொல்வதும், எல்லையோரத்துச் சமூகம் தகாதது என்று கருதுவதும் ஒன்றல்ல என்பதை அவர் விரிவாகக் காட்டினார். சந்தைக்குப் போவதும் பெண் கொடுப்பதும் சட்டப்படி குற்றமாகலாம். ஊர்க்காரருக்கு அது அன்றாடம்.

மூன்றாவது பார்வையே எனக்கு நெருக்கமானது. ஆனால் அதிலும் ஒரு குறை உண்டு. எல்லையோரத்து மக்களை அது ஒரே தொகுதியாக எடுத்துக்கொள்கிறது. மலையில் நூற்றாண்டுகளாக வாழும் பழங்குடியினரும், பிழைக்க வந்து எல்லையில் தங்கிய வணிகரும், நேற்று இரவு ஆற்றைக் கடந்து வந்த அகதியும் ஒரே எல்லையை ஒரே மாதிரி அனுபவிப்பதில்லை. மோரேத் தமிழர்கள் இந்தப் பிரிவுகள் எதிலும் முழுதாக அடங்காதவர்கள். அதனால்தான் அவர்களுடைய வரலாறு இந்தக் கேள்விக்கு வெளிச்சம் தருகிறது.

3. 1942: ஐந்து வயதான எல்லை

1937 ஏப்ரல் 1 வரை பர்மா பிரிட்டிஷ் இந்தியாவின் ஒரு மாகாணம். நாகப்பட்டினத்திலிருந்தோ சென்னையிலிருந்தோ ரங்கூனுக்குக் கப்பலேறிய தமிழர் வெளிநாடு போகவில்லை. 1931 கணக்கெடுப்பில் பர்மாவில் இந்தியர் 10,17,825 பேர். ரங்கூன் நகரின் மக்களில் பாதிக்கு மேல் இந்தியர்கள். துறைமுகச் சுமை, அரிசி ஆலை, நெல் அறுவடை, துப்புரவு ஆகிய வேலைகளில் தமிழரும் தெலுங்கரும் நிறைந்திருந்தார்கள். செட்டியார்களின் கடன் வணிகம் கீழ்ப் பர்மா முழுதும் பரவியிருந்தது. 1930களின் விலைவீழ்ச்சியில் கடன்பட்ட பர்மிய உழவரின் நிலம், நெல் விளையும் முதன்மை மாவட்டங்களில் கிட்டத்தட்ட நான்கில் ஒரு பங்கு, செட்டியார்கள் கைக்குப் போனது. 1930, 1938 ஆண்டுகளின் கலவரங்களுக்கு இந்தப் பின்னணி உண்டு. நம்மவர்கள் அங்கே வந்தேறிகளாகப் பார்க்கப்பட்டதற்குப் பர்மியரின் இனவெறியை மட்டும் காரணம் சொல்வது நேர்மையாகாது. நிலம் இழந்தவனின் கோபமும் அதில் இருந்தது.

1941இல், இந்தியர் குடியேற்றம் பற்றிய ஜேம்ஸ் பாக்ஸ்டர் அறிக்கையை ஒட்டி இந்திய–பர்மியக் குடியேற்ற ஒப்பந்தம் கையெழுத்தானது. இனி அனுமதியும் கட்டணமும் இல்லாமல் இந்தியத் தொழிலாளி பர்மாவுக்குள் நுழைய முடியாது என்றது அது. காந்தி அதைக் கடுமையாக எதிர்த்தார். தலைமுறைகளாகப் போய்வந்த ஒரு பாதையில் ‘சட்டவிரோதமாக’ நுழைவது முதன்முறையாகச் சாத்தியமான தருணம் அதுதான். போனவர்கள் மாறவில்லை, கடலும் மாறவில்லை. சட்டம் மாறியது.

ஒப்பந்தம் நடைமுறைக்கு வருமுன் ஜப்பானியர் வந்துவிட்டார்கள். 1942இல் ஏறத்தாழ ஐந்து லட்சம் இந்தியர்கள் பர்மாவை விட்டு ஓடினார்கள். அவர்களில் பெருந்தொகையினர் தமு வழியாக மணிப்பூருக்குள் நடந்தார்கள். வழியில் இறந்தவர்கள் பத்தாயிரம் முதல் ஐம்பதாயிரம் வரை இருக்கலாம் என்று மதிப்பீடுகள் வேறுபடுகின்றன. வெ. சாமிநாத சர்மாவின் ‘பர்மா வழிநடைப் பயணம்’ அந்த வெளியேற்றத்தைத் தமிழில் பதிவுசெய்த நூல். ஐரோப்பியருக்கு ஒரு வசதி, இந்தியருக்கு ஒரு வசதி என்று பாதையிலும் முகாமிலும் பாகுபாடு இருந்தது. ஆனாலும் தமு வழியே வந்த எந்தத் தமிழரையும் ‘ஆவணம் காட்டு’ என்று எல்லை திருப்பி அனுப்பவில்லை. இதைக் குறித்துக்கொள்வது அவசியம். அடுத்த முறை அந்தச் சாலையில் அவர்கள் தோன்றியபோது நிலைமை அப்படி இல்லை.

4. கப்பலில் வந்தவர்களும் நடந்து திரும்பியவர்களும்

1962 மார்ச் 2 அன்று ஜெனரல் நே வின் ஆட்சியைக் கைப்பற்றினார். 1964இல் கடைகள் நாட்டுடைமையாயின. அந்த ஆண்டு மே மாதம் 50, 100 கியாட் நோட்டுகள் செல்லாதவையாக அறிவிக்கப்பட்டன. வணிகமும் கையிருப்பும் ஒருசேரப் போன பின்பு அங்கே இருக்க வழியில்லை. அடுத்த சில ஆண்டுகளில் மூன்று லட்சம் அளவுக்கு இந்தியர்கள் வெளியேறினார்கள். தமிழ்நாட்டுக்கு வந்தவர்கள் மட்டும் சுமார் 1,44,000 பேர் என்று அரசின் மறுவாழ்வுத் துறைப் பதிவுகள் கூறுகின்றன. நகையையும் பணத்தையும் துறைமுகத்திலேயே பறிகொடுத்த கதை இந்தக் குடும்பங்களின் நினைவுகளில் திரும்பத் திரும்ப வரும்.

சட்டத்தின் பார்வையில் இவர்கள் தாயகம் திரும்பியோர். குடியுரிமைக்குக் கேள்வி இல்லை. கடன், வீட்டுமனை, வேலைவாய்ப்பில் முன்னுரிமை என்று திட்டங்கள் இருந்தன. தாயகம் திரும்பியோருக்காகவே 1969இல் ரெப்கோ வங்கி தொடங்கப்பட்டது. அதே காலத்தில் சென்னைக் கடற்கரை ரயில் நிலையத்துக்கு அருகில் பர்மா பஜார் உருவானது. வியாசர்பாடியிலும் எண்ணூரிலும் குடியிருப்புகள் எழுந்தன. அத்தோவும் மொய்ங்காவும் வடசென்னையின் தெருவோர உணவாயின.

எண்ணூர் என்ற இடத்தைக் கவனிக்க வேண்டும். அனல்மின் நிலையம் 1970இல் இயங்கத் தொடங்கியது. உரத் தொழிற்சாலை 1963 முதலே இருந்தது. மோட்டார் வாகன ஆலையும் வந்துவிட்டது. கொசஸ்தலை ஆற்றின் கழிமுகமும் உப்பளங்களும் குப்பங்களும் தொழிற்சாலைகளுக்கு இடையில் நெருக்கப்பட்டுக்கொண்டிருந்த காலம் அது. வேறு யாரும் விரும்பி வந்து குடியேறும் இடம் அன்று. முழு உரிமையோடு, அரசின் கப்பலில் வந்தவர்களுக்கே நகரத்தின் இந்த ஓரம்தான் வாய்த்தது. சட்டபூர்வமாக வருவது ஒன்று, பாதுகாப்பாக வாழ்வது வேறொன்று. குடியேற்றத்தைப் பற்றிப் பேசுபவர்கள் ‘சட்டப்படி வந்தால் சிக்கலில்லை’ என்று எளிதாகச் சொல்வார்கள். சாம்பல் கழிவும் எண்ணெய்க் கசிவும் அமோனியாவும் அந்த வாதத்துக்கு எண்ணூர் தரும் பதில்.

இனி மோரேக்கு வருவோம். தமிழ்நாட்டில் முகாம் வாழ்க்கை ஒத்துவரவில்லை. பர்மாவில் பிறந்து வளர்ந்த பலருக்கு இங்கே ஊரும் இல்லை, உறவும் நெருக்கமில்லை. கடல்வழியே திரும்ப முடியாதென்பதால் ஒரு பகுதியினர் ரயிலில் அசாம் பக்கம் போய், இம்பாலைத் தாண்டி, 1942இல் தம் பெற்றோர் தலைமுறை வந்த அதே சாலையில் எதிர்த்திசையில் நடந்தார்கள். எல்லையைக் கடக்க முயன்றவர்களைப் பர்மிய இராணுவம் தடுத்துத் திருப்பியது. பிறந்த நாட்டுக்குள் அவர்கள் இப்போது சட்டவிரோதக் குடியேறிகள். ‘தாயகம் திரும்பியோர்’ என்று சென்னையில் முத்திரை பெற்றவர்கள், சில ஆண்டுகளுக்குள் அடுத்த எல்லையில் ஊடுருவிகள் ஆனார்கள்.

திரும்பி வரவும் மனமில்லாமல் மோரேயிலேயே தங்கினார்கள். அன்று அது மிகச் சிறிய ஊர். பர்மிய மொழியும் தமிழும் தெரிந்த, வணிகம் பழகிய மக்கள் அங்கே சேர்ந்ததும் எல்லைச் சந்தை வளர்ந்தது. 1980களிலும் 1990களின் தொடக்கத்திலும் தமிழர் எண்ணிக்கை பதினைந்தாயிரத்தைத் தாண்டியதாகச் சொல்லப்படுகிறது. தமிழ்ச் சங்கம் அமைந்தது. அங்காள பரமேஸ்வரி, முனீஸ்வரர் கோயில் எழுந்தது. குக்கி, மெய்தெய், நேபாளி, பஞ்சாபி, முஸ்லிம் குடும்பங்களோடு தமிழ்க் குடும்பங்களும் கலந்த ஊர் அது. தமிழ்நாட்டுக்கு வெளியே, இந்தியாவுக்குள்ளேயே, ஒரு சர்வதேச எல்லையின் வணிகத்தைத் தமிழர்கள் தாங்கி நின்ற இடம் வேறெதுவும் எனக்குத் தெரிந்து இல்லை.

அந்த வணிகத்தில் பெரும்பகுதி சட்டத்தின் பார்வையில் கடத்தல். இதை மறைத்து எழுதுவதில் பயனில்லை. முறையான எல்லை வணிக ஒப்பந்தம் 1994 ஜனவரியில்தான் கையெழுத்தானது. அடுத்த ஆண்டு ஏப்ரலில் நடைமுறைக்கு வந்தது. அனுமதித்த பொருள்களின் பட்டியல் முதலில் 22 மட்டுமே. ஊர் முப்பது ஆண்டுகளாகச் செய்துவந்ததற்குச் சட்டம் பிந்தி வந்து, அதிலும் ஒரு சிறுபகுதியை மட்டும் ஏற்றது. பட்டியலுக்கு வெளியே இருந்தவை நிற்கவில்லை. அவற்றைக் கொண்டுபோக யாருக்காவது பணம் கொடுக்க வேண்டியதாயிற்று, அவ்வளவுதான். ஆயுதக் குழுக்கள் வரி வாங்கின. 1990களின் நடுவில் குழு மோதல்களும் தமிழர்கள் மீதான தாக்குதல்களும் நடந்தபோது ஆயிரக்கணக்கான தமிழர்கள் ஊரைவிட்டு வெளியேறினார்கள். இன்று மீந்திருப்பவர்கள் மூவாயிரம் அளவில்.

5. பதினாறு கிலோமீட்டர்

இந்தியாவுக்கும் மியான்மருக்கும் இடையே 1,643 கி.மீ. எல்லை. இரு பக்கமும் ஒரே இனக்குழுக்கள் வாழ்வதால், அனுமதியின்றிக் குறிப்பிட்ட தூரம் போய்வரும் ஏற்பாடு நீண்ட காலம் இருந்தது. நாற்பது கிலோமீட்டராக இருந்த அந்த வரம்பு 2004இல் பதினாறாகக் குறைந்தது. கட்டற்ற நடமாட்ட ஏற்பாடு என்று அழைக்கப்படும் இதன் வாசகம், எல்லைப் பகுதியில் வாழும் மலைப் பழங்குடியினருக்கு உரியது. மோரேத் தமிழர் அந்தச் சொல்லுக்குள் வரமாட்டார். நடைமுறையில் அடையாள அட்டையைக் காட்டி, காலையில் எல்லைக்கு அப்பாலுள்ள நம்பலாங் சந்தைக்குப் போய் மாலைக்குள் திரும்புவது எல்லாருக்கும் வாய்த்தது. ஆனால் பழங்குடியினருக்கு உரிமையாக இருந்தது, தமிழருக்குச் சலுகை. உரிமைக்கும் சலுகைக்கும் உள்ள வேறுபாடு, வாயில் மூடப்படும் நாளில்தான் தெரியும். 2020 மார்ச்சில் கோவிட் காரணமாக மோரே வாயில் மூடப்பட்டது. 2021 பிப்ரவரியில் மியான்மரில் இராணுவம் ஆட்சியைப் பிடித்தது.

அந்தச் சாலையின் மூன்றாவது இடப்பெயர்வு அப்போது தொடங்கியது. இராணுவத்தை எதிர்த்தவர்களும் குண்டுவீச்சுக்கு அஞ்சியவர்களும் இந்தியப் பக்கம் வந்தார்கள். மிசோரம் முப்பதாயிரத்துக்கும் மேற்பட்டோரை ஏற்றது. வந்தவர்கள் தம் இனத்தவர் என்று அம்மாநில அரசே பிரதமருக்கு எழுதியது. மணிப்பூர் அரசு 2021 மார்ச் 26 அன்று, முகாம்கள் திறக்க வேண்டாம், வருபவர்களைப் பணிவாகத் திருப்பி அனுப்புங்கள் என்று மாவட்ட ஆட்சியர்களுக்குச் சுற்றறிக்கை விட்டது. கண்டனம் எழுந்ததும் மூன்றே நாளில் அதைத் திரும்பப் பெற்றது. ஒரே எல்லை, ஒரே மத்திய அரசு, அடுத்தடுத்த இரு மாநிலங்கள். வந்தவர்களின் எண்ணிக்கை மிசோரத்தில் மிக அதிகம். எனினும் அங்கே அந்த வருகை கலவரமாகவில்லை. வருகை தானாகவே மோதலை உண்டாக்கும் என்ற பாதுகாப்பு நோக்கின் அடிப்படை இங்கே ஆட்டம் காண்கிறது. ஏற்கும் சமூகத்துக்கும் வருபவருக்கும் உள்ள உறவு, அந்த மாநிலத்துக்குள் ஏற்கெனவே இருக்கும் நிலப்பூசல், அரசு பேசும் பேச்சு ஆகிய மூன்றும் எண்ணிக்கையைவிடப் பெரிய காரணிகள்.

மணிப்பூர் அரசின் கணக்கையே எடுத்துக்கொள்வோம். 2023இல் அமைச்சரவைத் துணைக் குழு 2,187 பேரைச் சட்டவிரோதமாக வந்தவர்கள் என்று அடையாளம் கண்டது. தெங்னௌபால் மாவட்டத்தில் 1,147 பேர், சந்தேலில் 881 பேர், சூராசந்த்பூரில் 154 பேர், காம்ஜோங்கில் 5 பேர். மோரே இருப்பது தெங்னௌபாலில். 2011 கணக்கெடுப்பில் தெங்னௌபாலும் சேர்ந்த பழைய சந்தேல் மாவட்டத்தின் மக்கள்தொகை சுமார் 1,44,000. அதன்மேல் வைத்துப் பார்த்தால் இவ்விரு மாவட்டங்களிலும் கண்டறியப்பட்டவர்கள் நூற்றுக்கு ஒன்றரை பேர்கூட இல்லை. கணக்கில் வராதவர்களும் இருந்திருப்பார்கள். அதே ஆண்டு ஜூலையில் இரண்டே நாளில் 718 பேர் சந்தேலுக்குள் வந்ததாக அரசு கூறியது. எண்ணிக்கையை இரட்டிப்பாக்கியே பார்த்தாலும், 250க்கு மேற்பட்டோர் உயிரிழந்து, ஏறத்தாழ அறுபதாயிரம் பேர் வீடிழந்த ஒரு கலவரத்தின் முதற்காரணமாக அதைச் சொல்ல என்னால் முடியவில்லை. பட்டியல் பழங்குடி நிலைக்கான மெய்தெய்களின் கோரிக்கை, காட்டு நிலத்திலிருந்து வெளியேற்றம், பள்ளத்தாக்குக்கும் மலைக்கும் இடையே நீண்ட நிலப்பகை ஆகியவை அங்கே முன்பே எரிந்துகொண்டிருந்தன. ‘சட்டவிரோதக் குடியேறி’ என்ற குற்றச்சாட்டு எல்லையைக் கடந்து வந்தவரைத் தாண்டி, தலைமுறைகளாக வாழும் குக்கிகள் எல்லார் மீதும் விழுந்தது.

மெய்தெய் மக்களின் அச்சத்தை இதற்காக ஒதுக்கிவிடக் கூடாது. சிறு நிலப்பரப்பில் நெருங்கி வாழும், மலையில் நிலம் வாங்க முடியாத ஒரு சமூகத்துக்கு எண்ணிக்கை பற்றிய கவலை இயல்பு. மோரே வழியாகப் போதை மாத்திரையும் ஹெராயினும் பாக்குக் கடத்தலும் வருவது பிடிபட்ட சரக்குகளிலிருந்தே தெரிகிறது. எல்லையோரத்து இளைஞர்களைப் போதைப்பொருள் அழித்ததற்கு மணிப்பூரைவிட வேறு சான்று வேண்டியதில்லை. ஆனால் பெருங்கடத்தல் செய்பவர் சந்தைக்குப் போகும் கிழவி வரிசையில் நிற்பதில்லை. வாயிலை மூடினால் முதலில் நிற்பது அவளுடைய கூடைதான்.

தமிழர்களின் நிலை இதில் தனி. 2019 டிசம்பரில் உள்நுழைவு அனுமதிச் சீட்டு முறை மணிப்பூருக்கு நீட்டிக்கப்பட்டது. 2022 ஜூனில் அம்மாநில அமைச்சரவை, மண்ணின் மக்களைத் தீர்மானிக்க 1961ஐ அடிப்படை ஆண்டாக ஏற்றது. மோரேத் தமிழர்கள் குடியேறியது 1964க்குப் பிறகு. மூன்றே ஆண்டு இடைவெளி அவர்களை இந்தியக் குடிமக்களாகவும் மணிப்பூரின் வெளியாராகவும் ஒரே நேரத்தில் ஆக்கிவிடுகிறது. எல்லையின் அந்தப் பக்கமும் அவர்களுக்குப் பாதுகாப்பு இல்லை. 2022 ஜூலை 5 அன்று மோரேயிலிருந்து தமுவுக்குச் சென்ற இரண்டு தமிழ் இளைஞர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். இராணுவ ஆதரவு ஆயுதக் குழு ஒன்றின்மேல் சந்தேகம் எழுந்தது. மூன்று கிலோமீட்டர் தள்ளி, தினமும் பார்க்கும் ஊரில் நடந்த கொலை அது. அடுத்த ஆண்டு அவர்களுடைய ஊரே எரிந்தது. அந்தச் சண்டையில் தமிழர்கள் எந்தத் தரப்பும் அல்லர்.

2024 பிப்ரவரியில் ஒன்றிய உள்துறை அமைச்சர், எல்லை முழுவதும் வேலி அமைக்கப்படும் என்றும் கட்டற்ற நடமாட்ட ஏற்பாடு முடிவுக்கு வருகிறது என்றும் அறிவித்தார். மிசோரமும் நாகாலாந்தும் எதிர்த்தன. ஆண்டிறுதியில் பத்து கிலோமீட்டருக்குள் வசிப்பவர்களுக்கு ஏழு நாள் செல்லும் எல்லைச் சீட்டு என்ற புதிய முறை வந்தது. நாற்பது, பதினாறு, இப்போது பத்து. எல்லையோரத்தில் வாழ்பவர் எதைச் செய்தால் குற்றம் என்பது இந்த எண்ணைப் பொறுத்தது. எண்ணை மாற்றும்போது அவரை யாரும் கேட்பதில்லை.

6. பாலைவனங்களிலிருந்து இரண்டு குறிப்புகள்

உலக அளவில் இப்பொருளில் அதிகம் ஆராயப்பட்டது அமெரிக்க–மெக்சிகோ எல்லையின் சொனோரா பாலைவனம். 1994 முதல் அமெரிக்கா நகரங்களை ஒட்டிய வழிகளை அடைத்தது. பாலைவனமே தடையாக இருக்கும் என்பது கணக்கு. வருகை நிற்கவில்லை, பாலைவனத்துக்குள் திரும்பியது. அரிசோனாவில் ஆயிரக்கணக்கானோர் தாகத்தாலும் வெப்பத்தாலும் இறந்தார்கள். அதன் சுமை டொஹோனோ ஓதாம் என்ற பழங்குடியினர்மேல் விழுந்தது. 1850களில் வரையப்பட்ட எல்லை அவர்களுடைய நிலத்தை இரண்டாக்கியிருந்தது. இப்போது அவர்களுடைய ஒதுக்கீட்டு நிலத்தின் சுமார் நூறு கிலோமீட்டர் ஓரம் இறந்தவர்களின் பாதையானது. பிணங்களை மீட்பதற்கும் ஆய்வு செய்வதற்கும் அந்தச் சிறு சமூகம் தன் நிதியைச் செலவிட நேர்ந்தது. தம் உறவினர் ஊருக்குப் போகும் பழைய வாயில்களும் அடைபட்டன. ஓதாம் மக்களில் பலர் கடந்து வருபவரையும் வெறுக்கவில்லை, எல்லைக் காவலரையும் முழுதாக மறுக்கவில்லை. 2019இல் கண்காணிப்புக் கோபுரங்களுக்கு ஒப்புக்கொண்டவர்கள் மதிலை எதிர்த்தார்கள். கடந்து வருவோரின் வழியையே அரசு அவர்கள் வீட்டுப் பக்கம் தள்ளிவிட்டது என்பதே அவர்கள் சிக்கலின் வேர்.

நம் தார்ப் பாலைவனத்திலும் இதன் சாயல் உண்டு. சோதா ராஜபுத்திரர்கள் தம் குலத்துக்குள் மணம் செய்வதில்லை. அதனால் சிந்துப் பகுதியின் உமர்கோட்டிலிருந்து ராஜஸ்தானில் பெண்ணும் மாப்பிள்ளையும் தேடுவது வழக்கம். 2006இல் மறுபடி ஓடத் தொடங்கிய தார் எக்ஸ்பிரஸ் 2019 ஆகஸ்டில் நின்றபோது திருமணங்களும் துக்க வீட்டுப் பயணங்களும் நின்றன. அவர்களில் யாரும் ஊடுருவி அல்லர்.

7. எண்ணூரும் எல்லைதான்

எண்ணூரில் இருப்பவர்கள் எல்லையைத் தொலைதூரச் செய்தியாக நினைக்கத் தேவையில்லை. கடலும் எல்லை. 2008 மும்பைத் தாக்குதலுக்குப் பின் நாட்டின் 3,331 கடலோரக் கிராமங்களில் அடையாள அட்டைக்கான கணக்கெடுப்பு மற்ற இடங்களுக்கு முன்பாகவே நடந்தது. மீனவருக்குக் கைரேகை பதிந்த அட்டை வந்தது. படகுக்கு நிறமும் எண்ணும் கட்டாயமாயின. கட்டுமரம் தள்ளிப் பரம்பரையாகப் போன கடலில், ‘நீ யார்’ என்ற கேள்விக்கு அட்டையைக் காட்டிப் பதில் சொல்ல வேண்டியதாயிற்று. நாட்டின் பாதுகாப்புக்கு அது தேவை என்பதை மறுக்கவில்லை. தாக்குதல் நடத்தியவர்கள் கடல்வழியே, ஒரு மீன்பிடிப் படகைக் கைப்பற்றித்தான் வந்தார்கள். ஆயினும் மோரேயில் நடப்பதற்கும் இதற்கும் உள்ள ஒற்றுமை தெளிவு. கடந்து வருபவரைப் பிடிப்பதற்காக அமைக்கப்படும் ஏற்பாடு, முதலில் அங்கேயே வாழ்பவரைத் தன் இருப்பை நிரூபிக்கச் சொல்கிறது.

வடக்கே கும்மிடிப்பூண்டியில் இலங்கைத் தமிழர் முகாம் இருக்கிறது. 2021இல் அரசு அதை மறுவாழ்வு முகாம் என்று பெயர் மாற்றியது. முகாமில் இருப்பவர்களில் பலர் இங்கேயே பிறந்தவர்கள். ஆனாலும் 2003இல் திருத்தப்பட்ட குடியுரிமைச் சட்டத்தின்படி, பெற்றோரில் ஒருவர் சட்டவிரோதமாக வந்தவரானால், 2004 டிசம்பர் 3க்குப் பின் பிறந்த குழந்தைக்குப் பிறப்பால் குடியுரிமை இல்லை. 2019ஆம் ஆண்டுத் திருத்தம் பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தானிலிருந்து வந்த சில மதத்தவருக்கு வழி திறந்தது. இலங்கையும் மியான்மரும் அதில் இல்லை. 2025 செப்டம்பரில், 2015 ஜனவரி 9க்குள் வந்து பதிவுசெய்த இலங்கைத் தமிழர்களுக்குத் தண்டனைப் பிரிவுகளிலிருந்து விலக்களிக்கப்பட்டது. நல்ல முடிவுதான். அதுவும் ஓர் ஆணையின் சலுகை. 1964இல் ரங்கூனிலிருந்து கப்பலில் வந்தவருக்கு வங்கிக் கடன். 1990இல் தலைமன்னாரிலிருந்து படகில் வந்தவருக்குக் காவல் பதிவேடு. இருவரும் அரசு விரட்டியதால் ஓடிவந்த தமிழர்கள். வேறுபாட்டை உண்டாக்கியது அவர்கள் செய்த எதுவும் அல்ல, எந்தத் திட்டத்தின்கீழ் வந்தார்கள் என்பதே.

8. மதிப்பீடு

தொடக்கத்தில் பிரித்த இரண்டையும் இப்போது எடைபோடலாம். கடந்து வருபவர்களால் எல்லையோரத்துக்கு உண்மையான சுமை உண்டு. பள்ளி, மருத்துவமனை, கூலி, விறகு, தண்ணீர் எல்லாவற்றிலும் பங்கு கேட்கப்படுகிறது. அந்தச் சுமையை மிசோரத்தில் தேவாலயங்களும் ஊர்ச் சங்கங்களும் சுமந்தன, தலைநகர் பெரிதாகக் கைகொடுக்கவில்லை. ஆனால் மோரேத் தமிழர்களை இரண்டு தலைமுறையாக அலைக்கழித்தது இந்தச் சுமை அல்ல. பிறந்த நாட்டில் நுழைய முடியாத சட்டம், பிந்தி வந்த வணிக ஒப்பந்தம், 1961 என்ற ஆண்டு, மூடிய வாயில், யாரையும் எளிதில் வெளியாராக்கும் அரசியல் பேச்சு ஆகியவையே அவர்களை அலைக்கழித்தன. சான்றுகள் எனக்கு இந்தத் தீர்ப்பையே தருகின்றன.

நீதிமன்றங்கள் ஓரளவு வழிகாட்டியிருக்கின்றன. சக்மா மக்கள் தொடர்பான 1996ஆம் ஆண்டு வழக்கில், அரசமைப்பின் 21ஆம் உறுப்பு குடிமக்கள் அல்லாதோரின் உயிரையும் காக்கும் என்று உச்ச நீதிமன்றம் கூறியது. 2021 மே 3 அன்று மணிப்பூர் உயர் நீதிமன்றம், நந்திதா ஹக்சர் தொடுத்த வழக்கில், மோரேயில் ஒளிந்திருந்த ஏழு மியான்மர் நாட்டவர் தில்லியில் உள்ள ஐ.நா. அகதிகள் அலுவலகத்துக்குப் பாதுகாப்பாகச் செல்ல அனுமதித்தது. துன்புறுத்தலுக்குள் ஒருவரைத் திருப்பி அனுப்பாமை அதே 21ஆம் உறுப்பில் அடங்கும் என்றும் சொன்னது. சரியாக ஈராண்டு கழித்து அதே நாளில் மணிப்பூர் எரியத் தொடங்கியது.

தீர்ப்புகள் ஏழு பேருக்கு உதவும். எல்லையோரத்து ஊருக்கு ஒரு சட்டம் வேண்டும். யார் அகதி, யார் முடிவு செய்வது, எத்தனை நாளில், ஏற்கும் ஊருக்கு யார் நிதி தருவது, வேலி எங்கே, சந்தைக்கு வாயில் எங்கே என்பவற்றை எல்லையில் வாழ்பவரைக் கேட்டு எழுதிய சட்டம். இந்தியா 1951ஆம் ஆண்டின் அகதிகள் உடன்படிக்கையில் கையெழுத்திடவில்லை. 2015இல் சசி தரூர் தனிநபர் மசோதாவாகக் கொண்டுவந்த புகலிட மசோதா நிறைவேறவில்லை. தமிழக நாடாளுமன்ற உறுப்பினர்கள் இலங்கைத் தமிழர் குடியுரிமைக்காகப் பேசுகிறார்கள். அந்தப் பேச்சில் மோரேயையும் சேர்க்க வேண்டும். அங்கே மீந்திருக்கும் மூவாயிரம் பேருக்கு வீடு கட்டித் தருவதும், அவர்களுடைய குடியிருப்பு உரிமையை 1961 என்ற ஆண்டிலிருந்து விடுவிப்பதும் மணிப்பூர் அரசோடு தமிழ்நாட்டு அரசு உட்கார்ந்து பேசித் தீர்க்கக்கூடிய விஷயங்கள். அகதிகளுக்கென்று தனிச் சட்டம் இந்தியாவில் இன்றுவரை இல்லை.